மறுமதிப்பீட்டு முடிவு தாமதமானால்: மாணவருக்குச் சட்டம் தரும் வழிகள்

மறுமதிப்பீட்டுக்குக் கட்டணம் செலுத்திவிட்டு முடிவுக்காகக் காத்திருக்கும் மாணவர்கள், புகார் எழுத உட்காரும்போது இரண்டு வேறுபட்ட குறைகளை ஒன்றாகக் கலந்துவிடுகிறார்கள். நன்றாக எழுதியும் மதிப்பெண் குறைத்துப் போட்டுவிட்டார்கள் என்பது ஒரு குறை. மறுபடியும் திருத்தித் தருவதாகக் கட்டணம் வாங்கியவர்கள் இன்னும் முடிவைச் சொல்லவில்லை என்பது இன்னொரு குறை. முதல் குறைக்கு நீதிமன்றத்தில் கிடைக்கும் இடம் மிகக் குறுகியது. இரண்டாவது குறைக்குச் சட்டம் தாராளமாகவே கதவைத் திறந்து வைத்திருக்கிறது. ஆகவே தாமதத்துக்கு எதிராக எழுதும் எந்தக் கடிதத்திலும், மனுவிலும் மதிப்பெண் பற்றிய வாதத்தை நுழைக்காமல், தேதியையும் கடமையையும் மட்டுமே பேச வேண்டும். இந்தக் கட்டுரை தமிழ்நாட்டு மாநிலப் பல்கலைக்கழகங்களிலும் அவற்றின் இணைப்புக் கல்லூரிகளிலும் பயில்வோரை மனத்தில் கொண்டு எழுதப்பட்டது. பெரும்பகுதி பிற மாநிலங்களுக்கும் பொருந்தும்.

மறுமதிப்பீடு கிடையாது என்று மகாராஷ்டிர மாநிலக் கல்வி வாரியம் வகுத்திருந்த விதி செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 1984இல் பரிதோஷ் வழக்கில் தீர்ப்பளித்தது. ரண் விஜய் சிங் வழக்கில் 2017இல் அதே நீதிமன்றம், விடைத்தாளை நீதிபதிகள் தாமே திருத்திப் பார்க்கக் கூடாது என்றும், விதிகளில் மறுமதிப்பீட்டுக்கு இடமில்லாதபோது அரிதான அல்லது விதிவிலக்கான நேர்வுகளில் மட்டுமே அதற்கு உத்தரவிடலாம் என்றும், ஐயம் எழுந்தால் அதன் பயன் தேர்வு நடத்திய அமைப்புக்கே போக வேண்டும் என்றும் வரையறுத்தது. இத்தீர்ப்புகளைப் படித்துவிட்டு மாணவர்கள் மனம் தளர்வதுண்டு. ஆனால் இவை அனைத்தும் மதிப்பெண்ணைப் பற்றியவை. பல்கலைக்கழகம் தன் விதிகளிலேயே மறுமதிப்பீட்டுக்கு வழி வைத்து, அறிவிக்கை வெளியிட்டு, தாளுக்கு இவ்வளவு என்று கட்டணமும் பெற்றுக்கொண்ட பின்னர், அதை முடித்துத் தருவது அதன் கடமையாகிவிடுகிறது. விதியில் கால வரம்பு சொல்லப்படாவிட்டாலும் நியாயமான காலத்துக்குள் அதைச் செய்தாக வேண்டும் என்பது நிர்வாகச் சட்டத்தில் நெடுநாளாக நிலைபெற்ற கோட்பாடு. உங்கள் விடை சரியா தவறா என்று நீதிமன்றம் பார்க்காது. ஆனால் உங்கள் விடைத்தாளை ஏன் இன்னும் எவரும் பார்க்கவில்லை என்று பல்கலைக்கழகத்தைக் கேட்கும்.

மாநிலத்துக்கு மாநிலம் சட்டம் வேறுபடும் என்பதையும் நினைவில் கொள்க. மகாராஷ்டிரப் பொதுப் பல்கலைக்கழகங்கள் சட்டம், 2016, தேர்வு முடிந்த 30 நாட்களுக்குள் முடிவை வெளியிட முயல வேண்டும் என்றும், எப்படியும் 45 நாட்களைத் தாண்டக் கூடாது என்றும் 89ஆம் பிரிவில் சொல்கிறது. அப்படிச் சட்டம் இருந்தும் 2017இல் மும்பைப் பல்கலைக்கழகம் கணினித் திரையில் விடைத்தாள் திருத்தும் முறைக்கு அவசரமாக மாறி, வேந்தர் விதித்த ஜூலை 31 என்ற கெடுவையும் தவறவிட்டது. அவ்வாண்டு அக்டோபரில் துணைவேந்தர் பதவி நீக்கம் செய்யப்பட்டார். தமிழ்நாட்டில் நீங்கள் முதலில் தேட வேண்டியது உங்கள் பல்கலைக்கழகத்தின் தேர்வு விதிகள், கல்வி ஆண்டு நாட்காட்டி, மறுமதிப்பீட்டு அறிவிக்கை ஆகிய மூன்றையும்தான். முடிவு எப்போது வெளியாகும் என்று அவற்றுள் ஏதேனும் ஒன்றில் ஒரு வரி இருந்தாலும் அதுவே உங்கள் வழக்கின் முதுகெலும்பு.

காகிதங்களைச் சேர்த்தல்

மறுமதிப்பீட்டு அறிவிக்கையைப் பல்கலைக்கழக இணையதளத்திலிருந்து அன்றே பதிவிறக்கிக்கொள்ளுங்கள். அடுத்த பருவ அறிவிக்கை வந்ததும் பழையது காணாமற் போய்விடும். ஹால் டிக்கெட், முதலில் வந்த முடிவின் பக்கம், விண்ணப்ப எண், கட்டணம் செலுத்திய ரசீது, வங்கிக் கணக்கிலிருந்து பணம் போனதற்கான குறிப்பு ஆகியவற்றை ஒரே கோப்பில் தேதி வரிசையில் அடுக்குங்கள். கல்லூரி வழியாக விண்ணப்பித்திருந்தால், கல்லூரி அந்தப் பட்டியலைப் பல்கலைக்கழகத்துக்கு எப்போது அனுப்பியது என்பதை முதல்வர் அலுவலகத்தில் கேட்டு எழுத்தில் வாங்குங்கள். தாமதம் எனப்படுவது சில சமயம் பல்கலைக்கழகத்தில் நிகழ்வதில்லை. கல்லூரியின் தேர்வுப் பிரிவு மேசையிலேயே கட்டு கிடந்திருக்கும். இதைத் தெரிந்துகொள்ளாமல் பல்கலைக்கழகத்தின் மீது வழக்குத் தொடுத்தால், எங்களுக்கு விண்ணப்பமே வரவில்லை என்ற ஒரே வரியில் எதிர்த்தரப்பு தப்பித்துவிடும்.

தாமதத்தால் எதை இழக்கப்போகிறீர்கள் என்பதற்கும் சான்று வேண்டும். முதுகலைச் சேர்க்கையின் கடைசித் தேதி, வேலைக்கான நியமனக் கடிதத்தில் குறிப்பிட்ட சேரும் நாள், கல்வி உதவித்தொகையைப் புதுப்பிக்கும் கெடு, அடுத்த அரியர் தேர்வுக்குக் கட்டணம் செலுத்தும் கடைசி நாள் என எதுவாயினும் அது அச்சிட்ட காகிதமாக இருக்கட்டும். எதிர்காலம் பாழாகிறது என்று எழுதுவதைவிட, சேர்க்கைக்கான கடைசி நாள் இன்னது என்று எழுதுவதற்கு எந்த அலுவலகத்திலும் மதிப்பு அதிகம்.

கோரிக்கை மனு: எல்லாவற்றுக்கும் அடித்தளம்

செயல்படும்படி கட்டளையிடும் ரிட்டை (நீதிப்பேராணையை)க் கேட்டு உயர் நீதிமன்றம் செல்பவரிடம் நீதிபதி முதலில் கேட்பது, நீங்கள் பல்கலைக்கழகத்திடம் எழுத்தில் கேட்டீர்களா, அவர்கள் என்ன சொன்னார்கள் என்பதே. கேட்டும் செய்யவில்லை அல்லது மறுத்தார்கள் என்று காட்டினால்தான் அந்த ரிட்டுக்கு இடமுண்டு. தொலைபேசியில் பத்து முறை கேட்டதும், தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலரின் (சி.ஓ.இ.) அலுவலக வாசலில் காத்து நின்றதும் கணக்கில் வாரா.

மனுவைத் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு முகவரியிட்டு, பதிவாளருக்கும் துணைவேந்தருக்கும் கல்லூரி முதல்வருக்கும் நகல் அனுப்புங்கள். சில ஆண்டுகளாகத் தமிழ்நாட்டின் பல மாநிலப் பல்கலைக்கழகங்களில் துணைவேந்தர் பணியிடம் காலியாக இருந்து, ஒருங்கிணைப்புக் குழுவே நிர்வாகத்தை நடத்தி வந்திருக்கிறது. அத்தகைய நிலையில் அக்குழுவின் பெயருக்கு ஒரு நகலும் பதிவாளருக்கு ஒரு நகலும் போவது அவசியம். மின்னஞ்சலிலும் அனுப்புங்கள், தபாலிலும் அனுப்புங்கள். 2025இல் பதிவுத் தபால் ஸ்பீடு போஸ்டுடன் இணைக்கப்பட்டுவிட்டதால், ஸ்பீடு போஸ்டிலேயே ஒப்புகை வசதியைக் கேட்டுப் பெற்று, ரசீதையும் அது சென்று சேர்ந்ததைக் காட்டும் இணையப் பக்கத்தின் அச்சுப்படியையும் கோப்பில் வையுங்கள். நேரில் கொடுப்பதாயின் தபால் பிரிவில் முத்திரையும் தேதியும் இட்ட நகலை வாங்காமல் திரும்பாதீர்கள்.

மனுவின் உடல் ஒரு பக்கத்தைத் தாண்ட வேண்டியதில்லை. அது ஏறத்தாழ இப்படி அமையலாம்:

'நான் இன்ன கல்லூரியில் இன்ன பாடப்பிரிவில் பயின்ற, இன்ன பதிவெண் கொண்ட மாணவர். இன்ன மாதம், இன்ன ஆண்டில் நடந்த பருவத் தேர்வில் இன்ன குறியீட்டெண் கொண்ட தாளுக்கு, தங்கள் இன்ன நாளிட்ட அறிவிக்கையின்படி, இன்ன நாளில் உரிய கட்டணம் செலுத்தி மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்துள்ளேன். இன்றுவரை முடிவு வெளியிடப்படவில்லை. இன்ன பல்கலைக்கழகத்தின் முதுகலைச் சேர்க்கைக்குச் சான்றிதழ்களை ஒப்படைக்க இன்ன நாள் கடைசி என்பதால், இம்மனு கிடைத்த 10 நாட்களுக்குள் மறுமதிப்பீட்டு முடிவை வெளியிடுமாறும், அதுவரை எனது விடைத்தாளையும் அது தொடர்பான பதிவுகளையும் அழிக்காமல் பாதுகாக்குமாறும், வெளியிட இயலாது எனில் அதற்கான காரணத்தை எழுத்தில் தெரிவிக்குமாறும் கேட்டுக்கொள்கிறேன்.'

இதில் மாணவர்கள் பெரும்பாலும் விட்டுவிடுவது விடைத்தாளைப் பாதுகாக்கக் கோரும் வரி. விடைத்தாள்களை எவ்வளவு காலம் வைத்திருக்க வேண்டும் என்பதற்கு ஒவ்வொரு பல்கலைக்கழகத்துக்கும் தனி விதி உண்டு. அக்காலம் முடிந்ததும் அவை கழிவுக் காகிதமாகப் போய்விடும். போன பின்னர் எந்த நீதிமன்றத்தாலும் அவற்றைத் திரும்பக் கொண்டுவர முடியாது. பாதுகாக்குமாறு எழுத்தில் கேட்ட பிறகும் அழித்தால், அதற்கான விளக்கத்தைச் சொல்ல வேண்டிய பொறுப்பு பல்கலைக்கழகத்தைச் சேரும். காரணத்தை எழுத்தில் கேட்பதற்கும் சட்ட ஆதாரம் இருக்கிறது: தம் நிர்வாக முடிவுகளுக்கான காரணங்களைப் பாதிக்கப்பட்டோருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 4(1)(டி) பிரிவு பொது அமைப்புகளைப் பணிக்கிறது.

எப்போது இம்மனுவை அனுப்புவது? அறிவிக்கையில் முடிவு வெளியாகும் நாள் சொல்லப்பட்டிருந்தால் அதற்கு மறுநாளே அனுப்பலாம். சொல்லப்படாவிட்டால், விண்ணப்பிக்கக் கடைசி நாள் முடிந்து ஒரு மாதம் ஆனதும் அனுப்புவது நியாயமாக இருக்கும் என்பது என் கருத்து. சேர்க்கைக் கெடு நெருங்கிவிட்டால் அந்த ஒரு மாதத்துக்குக்கூடக் காத்திருக்க வேண்டியதில்லை. பணிவான சொற்கள் போதும். அலுவலர்களைக் குற்றம்சாட்டும் வரிகள் கோபத்தைத் தணிக்குமே தவிர முடிவை விரைவாகக் கொண்டுவரமாட்டா.

தகவல் அறியும் உரிமை

கோரிக்கை மனுவுக்குப் பதில் வரட்டும் என்று காத்திராமல், அதே வாரத்தில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழும் ஒரு விண்ணப்பம் போட்டுவிட வேண்டும். காரணம் எளிது: பொதுத் தகவல் அலுவலருக்குப் பதில் தர 30 நாட்கள் உண்டு, ஒன்றன்பின் ஒன்றாகப் போனால் இரண்டு மாதம் கழிந்துவிடும். மாநிலப் பல்கலைக்கழகத்துக்கான விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய்; நீதிமன்றக் கட்டண வில்லையை விண்ணப்பத்தில் ஒட்டி அனுப்பலாம். எதற்காகக் கேட்கிறீர்கள் என்று சொல்ல வேண்டியதில்லை.

கேள்வியை எப்படிக் கேட்கிறோம் என்பதில்தான் இங்கு எல்லாம் அடங்கியிருக்கிறது. 'என் முடிவு ஏன் தாமதமாகிறது?' என்று கேட்டால், விளக்கம் அளிப்பது எமது பணியன்று என்ற பதில் வரும். அது சட்டப்படி சரியான பதிலும்கூட. ஏற்கெனவே பதிவேட்டில் இருப்பதைக் கேளுங்கள். உங்கள் விண்ணப்பம் தேர்வுப் பிரிவில் பதிவான தேதி, விடைத்தாள் மறுமதிப்பீட்டாளருக்கு அனுப்பப்பட்ட தேதி, மதிப்பெண் திரும்பி வந்த தேதி, மறுமதிப்பீட்டை முடிக்க வேண்டிய கால வரம்பைச் சொல்லும் விதி அல்லது சுற்றறிக்கையின் நகல், அந்தத் தாளுக்கு வந்த மறுமதிப்பீட்டு விண்ணப்பங்களின் எண்ணிக்கை, அவற்றுள் முடிவு வெளியானவை எத்தனை, விடைத்தாள்களைப் பாதுகாக்க வேண்டிய காலத்தைக் குறிக்கும் விதியின் நகல் ஆகியவை கேட்கத் தக்கவை. மறுமதிப்பீட்டாளருக்கு விடைத்தாள் இன்னும் அனுப்பப்படவே இல்லை என்று ஒரு பதில் வந்தால், அந்த ஒற்றைத் தாள் உங்கள் ரிட் மனுவின் பாதி வேலையைச் செய்து முடித்துவிடும்.

விடைத்தாளின் நகலையும் இதே சட்டத்தின் கீழ்ப் பெறலாம். ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்கில் 2011 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், திருத்தப்பட்ட விடைத்தாள் இச்சட்டத்தின்படி 'தகவல்' என்றும், எழுதிய மாணவர் அதைப் பார்வையிடவும் நகல் பெறவும் உரிமை உடையவர் என்றும் தீர்ப்பளித்தது. திருத்தியவரின் பெயரையும் கையொப்பத்தையும் மறைத்துத் தரலாம். அதை எதிர்த்து வாதாடி நேரத்தை வீணாக்க வேண்டாம். பல்கலைக்கழக விதிப்படி நகலுக்குக் கூடுதல் கட்டணம் இருக்கையில் இச்சட்டத்தின் கீழ்க் கேட்கலாமா என்ற கேள்விக்கும் விடை இருக்கிறது. கம்பெனி செயலர்கள் கழகம் தொடர்பான பரஸ் ஜெயின் வழக்கில் 2019இல் உச்ச நீதிமன்றம், இரு வழிகளும் மாணவருக்குத் திறந்தே இருக்கின்றன என்றும், தகவல் உரிமைச் சட்டத்தின் வழியே கேட்டால் அச்சட்ட விதிகளில் உள்ள கட்டணமே பொருந்தும் என்றும் கூறியது. ஆயினும் ஒரு எச்சரிக்கை: நகல் வாங்கிய பிறகுதான் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்கலாம் என்று விதி வைத்திருக்கும் பல்கலைக்கழகங்களில், அதற்கெனக் குறித்த சில நாட்களுக்குள் அவர்கள் சொன்ன வழியிலேயே நகல் வாங்கிவிடுங்கள். 30 நாள் கழித்து மலிவாகக் கிடைக்கும் நகலால் அப்போது பயனிராது.

முப்பது நாளில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் மழுப்பலாக இருந்தாலோ, அடுத்த 30 நாட்களுக்குள் அதே பல்கலைக்கழகத்தின் மேல்முறையீட்டு அலுவலருக்கு முதல் மேல்முறையீடு செய்யலாம். கெடு தாண்டிய தகவலைக் கட்டணமின்றித் தர வேண்டும் என்பது 7(6) பிரிவு. அதன்பின் 90 நாட்களுக்குள் தமிழ்நாடு தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு. புதுவைப் பல்கலைக்கழகம், திருவாரூர் மத்தியப் பல்கலைக்கழகம் போன்றவற்றுக்கு மத்தியத் தகவல் ஆணையம். தகவல் அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை தண்டம் விதிக்க ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. இரண்டாம் மேல்முறையீடு விசாரணைக்கு வரப் பல மாதங்கள் ஆகும் என்பதால், உங்கள் அவசரத்துக்கு முதல் மேல்முறையீட்டோடு நிறுத்திக்கொண்டு மற்ற வழிகளைப் பார்ப்பதே நலம்.

யு.ஜி.சி. விதிமுறைகள், 2023

பல்கலைக்கழக மானியக் குழு (யு.ஜி.சி.) 2023 ஏப்ரலில் வெளியிட்ட மாணவர் குறைதீர்ப்பு விதிமுறைகள் இன்னும் பல மாணவர்களுக்குத் தெரியவில்லை; சில கல்லூரிகளுக்கும் தெரியவில்லை, அல்லது தெரியாதது போல் இருக்கின்றன. ஒவ்வொரு உயர்கல்வி நிறுவனமும் பேராசிரியர் ஒருவரின் தலைமையில் மாணவர் குறைதீர்ப்புக் குழு அமைக்க வேண்டும். அதில் ஒரு மாணவப் பிரதிநிதி சிறப்பு அழைப்பாளராக இருப்பார். கல்வி நாட்காட்டியில் சொன்ன காலத்தைத் தாண்டித் தேர்வு முடிவை வெளியிடுவதும், மதிப்பீட்டில் வெளிப்படையற்ற நடைமுறையைப் பின்பற்றுவதும் 'குறை' என்பதன் வரையறைக்குள்ளேயே வருகின்றன. மறுமதிப்பீட்டு முடிவும் தேர்வு முடிவே என்று உங்கள் புகாரில் தெளிவாக எழுதுங்கள். புகார் கிடைத்த 15 வேலை நாட்களுக்குள் குழு தன் பரிந்துரையை உரிய அதிகாரிக்கு அனுப்பி, ஒரு நகலை மாணவருக்கும் தர வேண்டும். விசாரணைக்கு நீங்கள் நேரிலும் போகலாம், உங்கள் சார்பில் ஒருவரையும் அனுப்பலாம்.

குழுவின் முடிவில் நிறைவில்லையெனில் 15 நாட்களுக்குள் பல்கலைக்கழகத்தின் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஓய்வு பெற்ற துணைவேந்தர், ஓய்வு பெற்ற பேராசிரியர் அல்லது முன்னாள் மாவட்ட நீதிபதி இப்பொறுப்பில் இருப்பார். 30 நாட்களுக்குள் முடிவு தர வேண்டும். இணைப்புக் கல்லூரி மாணவர்களுக்கும் அவரே மேல்முறையீட்டு இடம். கட்டுரையின் தொடக்கத்தில் சொன்ன வேறுபாடு இங்கேதான் கண்முன் வந்து நிற்கிறது. மறுமதிப்பீடு செய்து தரும்படியோ மீண்டும் மதிப்பெண் இட்டுத் தரும்படியோ கேட்கும் மேல்முறையீட்டை, முடிவைப் பாதித்த குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ சுட்டாதவரை, குறைதீர்ப்பாளர் ஏற்கக் கூடாது என்று அதே விதிமுறைகள் தடுக்கின்றன. எனவே 'என் தாளை மறுமதிப்பீடு செய்யுங்கள்' என்று எழுதினால் மனு வாசலிலேயே திரும்பிவிடும். 'கட்டணம் பெற்று ஏற்றுக்கொண்ட மறுமதிப்பீட்டின் முடிவை வெளியிடவில்லை' என்று எழுதினால் உள்ளே போகும்.

இந்த வழி முழுவதையும் நடந்து முடிக்க இரண்டு மாதத்துக்கு மேல் ஆகலாம் என்பது உண்மை. இருந்தும் இதைத் தொடங்கி வைப்பதில் ஒரு நன்மை இருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் பல்கலைக்கழக வழக்கறிஞர் எழுப்பும் முதல் ஆட்சேபம், மாற்று வழி இருந்தும் அதை நாடவில்லை என்பதுதான். புகாரின் ஒப்புகை எண் கையில் இருந்தால் அந்த ஆட்சேபம் வலுவிழக்கும். யு.ஜி.சி.யின் இ-சமாதான் இணையதளத்திலும், 1100 என்ற, தமிழ்நாடு அரசின் 'முதல்வரின் முகவரி' உதவி எண்ணிலும் பதியும் புகார்கள் பெரும்பாலும் அதே தேர்வுப் பிரிவுக்கே அனுப்பி வைக்கப்படும். அவற்றை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம். கோப்பில் இன்னொரு தேதி என்ற அளவில் அவற்றுக்குப் பயனுண்டு.

போகக் கூடாத இடங்கள்

நுகர்வோர் ஆணையத்தில் இழப்பீடு கேட்கலாம் என்று இணையத்தில் பலரும் எழுதுகிறார்கள். கட்டணம் கொடுத்தோம், சேவை வரவில்லை என்ற வாதம் கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் தேர்வு நடத்துவதும் விடைத்தாள் திருத்துவதும் முடிவு வெளியிடுவதும் விற்பனைச் சேவையல்ல, தேர்வெழுதுபவர் நுகர்வோர் அல்லர் என்று பீகார் பள்ளித் தேர்வு வாரியம் தொடர்பான வழக்கில் 2009இல் உச்ச நீதிமன்றம் முடிவு செய்துவிட்டது. மகரிஷி தயானந்த் பல்கலைக்கழக வழக்கில் 2010இலும் அதே நிலைப்பாடு. உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட முடியும். ஆனால் அதன் வேகம் உங்கள் சேர்க்கைக் கெடுவுக்கு ஒத்துவராது.

சி.ஓ.இ. அலுவலகத்தில் ஆள் தெரியும், முடிவை வேகமாக வாங்கித் தருகிறேன் என்று வரும் இடைத்தரகரிடமிருந்து விலகி நில்லுங்கள். அண்ணா பல்கலைக்கழகத்தில் 2017 ஏப்ரல்–மே தேர்வுகளின் மறுமதிப்பீட்டில் பணம் பெற்று மதிப்பெண் கூட்டியதாக எழுந்த புகாரில் லஞ்ச ஒழிப்புத் துறை 2018 ஆகஸ்டில் வழக்குப் பதிந்தது நினைவிருக்கலாம். அதே ஆண்டு திருத்தப்பட்ட ஊழல் தடுப்புச் சட்டத்தின்படி லஞ்சம் கொடுப்பவரும் குற்றவாளியே. கட்டாயத்தின்பேரில் கொடுத்தவர் ஏழு நாட்களுக்குள் அதைப் புகார் செய்தால் மட்டுமே தப்ப முடியும்.

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு

அரசியலமைப்பின் 226ஆம் உறுப்பின் கீழ் தாக்கல் செய்யும் ரிட் மனுதான் இவ்வகை வழக்குகளில் உண்மையான பலன் தரும் வழி. கல்லூரியும் பல்கலைக்கழகமும் எந்த மாவட்டத்தில் இருக்கின்றன என்பதைப் பொறுத்து மனு சென்னையிலோ மதுரைக் கிளையிலோ தாக்கலாகும்; மதுரை, நெல்லை, திருச்சி, தஞ்சை, குமரி உள்ளிட்ட மாவட்டங்கள் மதுரைக் கிளையின் எல்லைக்குள் வருபவை. தனியார் நிகர்நிலைப் பல்கலைக்கழகத்தின் மீது ரிட் போட முடியாது என்று எவரேனும் சொன்னால் நம்பிவிட வேண்டாம். காட்டாங்குளத்தூர் எஸ்.ஆர்.எம். நிகர்நிலைப் பல்கலைக்கழகம் தொடர்பான ஜேனட் ஜெயபால் வழக்கில், பொதுக் கடமையாற்றும் அத்தகைய நிறுவனம் 226ஆம் உறுப்புக்கு உட்பட்டதே என்று 2015இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.

மனுவில் என்ன கேட்கிறோம் என்பதை வழக்கறிஞரிடம் விட்டுவிட்டுச் சும்மா இருந்துவிடாதீர்கள். 'என் கோரிக்கை மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க உத்தரவிடுக' என்று மட்டும் வேண்டுதலை அமைத்துவிடும் பழக்கம் பரவலாக இருக்கிறது. அத்தகைய உத்தரவு முதல் விசாரணையிலேயே எளிதாகக் கிடைத்துவிடும் என்பதே அதன் ஈர்ப்பு. ஆனால் அந்த உத்தரவால் பல்கலைக்கழகத்தின் மேல் விழும் கடமை, உங்கள் மனுவுக்கு ஒரு பதில் எழுதுவது மட்டுமே. பரிசீலனையில் உள்ளது, விரைவில் வெளியிடப்படும் என்று எழுதிவிட்டால் அவர்கள் உத்தரவை நிறைவேற்றியவர்களாகிவிடுவார்கள். நீங்கள் மறுபடியும் புது வழக்குப் போட வேண்டியிருக்கும். இன்ன பதிவெண்ணுக்கு இன்ன தாளின் மறுமதிப்பீட்டை முடித்து, நீதிமன்றம் குறிக்கும் நாட்களுக்குள் முடிவை வெளியிட வேண்டும் என்றே வேண்டுதல் இருக்கட்டும்.

அதோடு ஓர் இடைக்கால மனுவையும் சேர்க்க வேண்டும். விடைத்தாளை அழிக்காமல் வைத்திருக்க உத்தரவு, சேர்க்கை முடியும் முன் முடிவு வராவிட்டால் இறுதி முடிவுக்கு உட்பட்டுத் தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள உத்தரவு ஆகியவை அதில் கேட்கத் தக்கவை. தற்காலிகச் சேர்க்கை கேட்பதாயின், சேர்க்கை நடத்தும் நிறுவனத்தையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். வழக்கில் இல்லாத ஒருவருக்கு நீதிமன்றம் கட்டளையிடாது. இத்தகைய இடைக்கால உத்தரவை நீதிபதிகள் தயக்கத்துடனேயே தருவார்கள். தேர்ச்சி கிடைக்காமல் போனால் இன்னொரு மாணவரின் இடம் வீணாகும் என்ற கவலை அவர்களுக்கு உண்டு. அது நியாயமான கவலையும்தான்.

வக்காலத்து, பிரமாணப் பத்திரம் ஆகியவற்றோடு, நீங்கள் தேதி வரிசையில் சேர்த்து வைத்த காகிதங்கள்தான் டைப்டு செட்டாக (மனுவோடு இணைக்கும் ஆவணத் தொகுப்பாக)ப் போகும். 18 வயது நிரம்பாதவருக்காகப் பெற்றோர் மனு தாக்கல் செய்யலாம். ஒரே தாளுக்குப் பலர் காத்திருந்தால், கூட்டாக ஒரே மனு தாக்கல் செய்ய அனுமதி கோரலாம். செலவு பகிரப்படும், தாமதம் ஒருவரின் தனிக்கதை அல்ல என்பதும் நீதிமன்றத்துக்குத் தெரியவரும். வழக்கறிஞருக்குக் கட்டணம் கொடுக்க இயலாதோர் 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தைப் பயன்படுத்த வேண்டும். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோர் வருமானம் எவ்வளவாயினும் இலவச சட்ட உதவிக்கு உரியவர்கள். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. சென்னையிலும் மதுரையிலும் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழு இயங்குகிறது. 15100 என்ற எண்ணிலும் விசாரிக்கலாம்.

பல வழக்குகள் தீர்ப்பு வரை போவதில்லை. மனுவின் நகல் பல்கலைக்கழகத்தின் ஸ்டாண்டிங் கவுன்சிலுக்கு (அதன் நிலையான வழக்கறிஞருக்கு)ப் போனதும், அவர் தேர்வுப் பிரிவைத் தொடர்புகொண்டு விவரம் கேட்பார். அடுத்த விசாரணைக்குள் முடிவு இணையதளத்தில் ஏறிவிடுவதுண்டு. உத்தரவு வந்தும் நிறைவேற்றாவிட்டால், அதன் சான்றிட்ட நகலைத் தபாலில் அனுப்பி, அவகாசம் முடிந்ததும் 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் கீழ் மனு தாக்கல் செய்யலாம். ஓராண்டுக்குள் செய்துவிட வேண்டும்.

காத்திருக்கும் காலத்தில்

எந்த வழியைத் தேர்ந்தாலும், அந்தத் தாளுக்கான அரியர் தேர்வுக் கட்டணத்தை அபராதமில்லாத கடைசி நாளுக்குள் கட்டிவிடுங்கள். தேர்ச்சி வந்தால் போவது ஒரு சிறு தொகை. வராவிட்டால் மிஞ்சுவது ஒரு பருவம். அரியருக்குக் கட்டணம் கட்டியதால் மறுமதிப்பீட்டு உரிமை போய்விடும் என்ற அச்சம் மாணவர்களிடையே உலவுகிறது. அப்படியொரு விதி உங்கள் அறிவிக்கையில் எழுதப்பட்டிருந்தாலன்றி அதற்கு அடிப்படை இல்லை. மறுமதிப்பீட்டு முடிவு நிலுவையில் உள்ளது என்று கல்லூரி முதல்வரிடம் ஒரு கடிதம் வாங்கி, சேர்க்கை நிறுவனத்துக்கோ வேலை தரும் நிறுவனத்துக்கோ அனுப்பி, சான்றிதழ் ஒப்படைக்க அவகாசம் கேளுங்கள். வழக்கில்லாமலேயே இந்த ஒரு கடிதத்தால் இடம் தப்பிய மாணவர்கள் உண்டு.

முடிவு தேர்ச்சியாக வந்த பின்னர், புதிய மதிப்பெண் பட்டியலில் எந்த மாதம், எந்த ஆண்டு என்று அச்சாகியிருக்கிறது என்பதைப் பாருங்கள். மறுமதிப்பீட்டில் கிடைத்த தேர்ச்சி, முதலில் எழுதிய தேர்வின் தேர்ச்சியாகவே பதிவாக வேண்டும். அடுத்த பருவத் தேதி இடம்பெற்றிருந்தால் அரியர் வைத்துத் தேறியவராகக் கணக்காகி, தரவரிசையிலும் வேலை நேர்காணலிலும் அது இடறும். பிழை இருந்தால் அதே வாரத்தில் திருத்தக் கோரி எழுதுங்கள். நிலுவையில் ரிட் மனு இருந்தால் முடிவு வந்த செய்தியை வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். ஆனால் மனுவைத் திரும்பப் பெறும் முன் மதிப்பெண் பட்டியல் கைக்கு வந்துவிட்டதா என்று பாருங்கள். பட்டத்துக்கு இன்னொரு கெடுவும் இருக்கிறது: மாணவர் தகுதி பெறும் நாளிலிருந்து 180 நாட்களுக்குள் பட்டம் வழங்க வேண்டும் என்கின்றன யு.ஜி.சி.யின் 2008ஆம் ஆண்டு விதிமுறைகள். அதுவும் தாண்டினால், முதலில் எழுதிய அதே கோரிக்கை மனுவைத் தேதிகளை மாற்றி மீண்டும் அனுப்பலாம். இம்முறை கெடுவைக் காட்டும் விதி ஏற்கெனவே உங்கள் கையில் இருக்கும்.